சுவர்ப்பக்கம் விழுந்தவர்

ஒட்டுகிற சோறு எனக்கு எப்போதுமே பிடித்ததில்லை. ஆனாலும் டியூசல்டோர்பில் ஒரு ஜப்பான் சாப்பாட்டுக் கடையின் குசினியில் தினமும் அதைத்தான் அவித்தேன். நீங்கள் கேட்டபடியால் ஆறுதலாகவே சொல்கிறேன், எனக்கு ஓர் அவசரமும் இல்லை.

கடைக்காரி மிசாகோவின் தகப்பன் ஹிராகாவா. முன்பு ஜப்பானில் அடியாள் படங்களில் துணை நடிகராக இருந்தவர். ஒரு படத்தில்கூடப் பாதிவரை உயிரோடு இருந்ததில்லையாம். கதாநாயகனின் முதல் குண்டு இவருக்குத்தான். வசனமும் கிடையாது. வயதுபோய் மகளிடம் வந்த பிறகும் மனுசன் சாவதை விடவில்லை. சனிக்கிழமைகளில் சாப்பிட வருகிறவர்கள் செத்துக் காட்டச் சொல்லிக் கேட்பார்கள். நான் குசினியிலிருந்து வந்து அகப்பையை நீட்டிச் சுடவேண்டும். அவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, மேசையில் மோதி விழுவார். எப்படி விழுந்தாலும் முகம் சனத்தின் பக்கம்தான் இருக்கும். முகம் தெரியாத பிணத்துக்கு அடுத்த படத்தில் வேலை கிடைக்காது என்று ஒருநாள் மகளைக்கொண்டு எனக்கு விளங்கப்படுத்தினார்.

நானும் நடிகன்தான். யாழ்ப்பாணத்துப் பாசையூரில் நாட்டுக்கூத்தில் ராசா வேடம் கட்டியவன். நான் வாளோடு சரிந்தால் கோயில் வீதியில் பெண்கள் அழுவார்கள். உலகக் கிண்ண உதைபந்தாட்டம் இங்கே ஜெர்மனியில் நடந்த கோடையில், இன்றைக்கு நீங்கள் என்னைச் சுடுங்கள் என்று கேட்டேன். சுட்டார். நான் பாடிக்கொண்டே விழுந்தேன். கடை முழுக்கச் சிரித்தது. அவர் சிரிக்காமல் மகளிடம் ஏதோ சொன்னார். நீங்கள் சோறு அவிப்பதே நல்லது என்கிறார் என்று அவள் தயங்கித் தயங்கி ஜெர்மனில் சொன்னாள்.

எனக்குக் கோபம் வரவில்லை. ஒரு கிழமையாக நித்திரைதான் வரவில்லை.

அடுத்த சனிக்கிழமை வழக்கம்போலச் சுட்டேன். நெஞ்சைப் பிடித்தவர் மேசைக்குப் போகவில்லை. சுவர்ப்பக்கம் முகத்தைக் கொடுத்து விழுந்தார். எனக்கு உடனேயே விளங்கிவிட்டது. பொய்யாகச் சாகும்போது அந்த மனுசன் அப்படி விழவே மாட்டார். நான் கைதட்டினேன். என்னைப் பார்த்துக் கடையும் தட்டியது.

என்னோடு குசினியில் வேலை செய்த சந்திரகாந்தி வாசலுக்கு வந்து பார்த்தாள்.

"அண்ணை, அவர் எழும்பேல்லை. அம்புலன்சுக்கு அடியுங்கோ."

"பொறு பிள்ளை. இண்டைக்குக் கொஞ்சம் நீட்டிச் சாகிறார்."

மிசாகோவும் ஓடிவந்தாள். நடுவில் குழப்பினால் அவருக்குப் பிடிக்காது என்று சொல்லி அவளுடைய கையைப் பிடித்து நிறுத்தினேன். அவள் என்னை நம்பி, சிரித்தபடியே நின்றாள். நாக்கின் கீழ் அடிக்கிற நெஞ்சு மருந்து அவருடைய கோட்டுப் பையில் இருந்தது. கோட்டு என் முதுகுக்குப் பின்னால் கொளுவியிருந்தது. அவருடைய கை பின்னால் நீண்டு அதைத் தேடியது. நான் விலகவில்லை. அந்தக் கை ஓயும்வரை தட்டினேன்.

பிறகு, முதலில் அழுதவனும் நான்தான். மிசாகோ என் தோளில் சாய்ந்து அழுதாள்.

இவ்வளவையும் எழுதிக்கொள்ளுங்கள், ஒன்றையும் மறுக்கமாட்டேன். வாக்குமூலத்தில் பொறாமை என்று மட்டும் போடாதீர்கள். ராசா வேடம் கட்டியவனுக்கு, சாக மட்டுமே தெரிந்த ஒரு துணை நடிகனிடம் என்ன பொறாமை?