உறவு: இல்லை

அந்த நாற்காலியில் பார்த்துச் சாயுங்கள், ஒரு கால் கொஞ்சம் குட்டை. பதினெட்டு வருஷம் நான் உட்கார்ந்த நாற்காலி அது. அதில் இருந்துகொண்டு எத்தனையோ பேரின் வாக்குமூலத்தை எழுதியிருக்கிறேன். இன்று நீங்கள் எழுதுகிறீர்கள். கை வலிக்காதபடி நிதானமாகவே சொல்கிறேன்.

காலமீறல் துறையில் என் வேலை நேர்செய்வது. யாராவது திருட்டுத்தனமாகப் பழைய நாளுக்குப் போய் எதையாவது மாற்றிவிட்டால், நான் பின்னாலேயே போய் அதை முன்பு இருந்தபடி வைத்துவிட்டு வருவேன். பெரும்பாலும் அற்ப விஷயங்கள். அன்று கொடுக்கத் துணியாத காதல் கடிதத்தை இப்போது போய்க் கொடுத்துவிட்டு வருவார்கள். நான் பிடுங்கிக்கொண்டு வருவேன். என்னைச் சபிக்காத ஆள் கிடையாது. மாற்றம் நடந்தது மீறியவருக்கும் எங்கள் கட்டடத்துக்குள் இருப்பவர்களுக்கும் மட்டும்தான் தெரியும். நேர்செய்த பிறகு மீறியவருக்கும் மறந்துபோகும்.

எங்கள் கோப்பில் 'உறவு' என்று ஒரு கட்டம் உண்டு. மீறியவர் நமக்குச் சொந்தம் என்றால் கோப்பை வேறு ஆளிடம் கொடுத்துவிட வேண்டும். நான் 'இல்லை' என்று எழுதினேன். மீறியது என் மனைவி. இவ்வளவுதான் உங்கள் குற்றப்பத்திரிகை. மூன்று மாத சஸ்பென்ஷனோடு போய்விடும் என்கிறீர்கள். எனக்குத்தான் மனம் கேட்கவில்லை.

எங்கள் மகள் ஐந்து வயதில் வீட்டு முற்றத்துத் தண்ணீர்த் தொட்டியில் விழுந்து இறந்தாள். தண்ணீர் எவ்வளவு இருக்கிறது என்று பார்க்கத் திறந்தவன் நான். போன் வந்ததும் மூடியைப் போடாமல் உள்ளே போய்விட்டேன். பதினொரு வருஷத்தில் என் மனைவி அதை ஒரு தடவைகூடச் சொல்லிக்காட்டியதில்லை. ஒருவரை ஒருவர் பிடித்துக்கொண்டு அழுதே காலத்தை ஓட்டினோம். பிறகு ஒருநாள் அவள் அந்த மதியத்துக்குப் போய், மூடியைப் போட்டுவிட்டு வந்துவிட்டாள்.

அப்போது நான் ஆபீஸில் இருந்ததால் பழையது எனக்கு மறக்கவில்லை. மாலை வீட்டுக்குப் போனால் கதவு பூட்டிக் கிடந்தது. எதிர்வீட்டுக்காரர், "என்ன சார், யாரைத் தேடுறீங்க? அவங்க உங்களை விட்டுப் போய் ஏழு வருஷமாச்சே" என்றார்.

விலாசம் விசாரித்துக்கொண்டு போனேன். கதவைத் திறந்தவளுக்குப் பதினாறு வயது. என் மூக்கு, அவள் அம்மாவின் கண்கள். அவள் உள்ளே திரும்பி, "அம்மா, அவர் வந்திருக்கார்" என்றாள். அப்புறம் மாடிப்பக்கம் நிமிர்ந்து, "அப்பா, நீங்க இறங்கி வராதீங்க. அம்மா பேசிக்குவாங்க" என்றாள்.

என் மனைவி வாசலுக்கு வந்தாள். "அவ உயிரோட இருக்கா. நாம எப்படிப் போனா என்ன? உங்க காலைப் பிடிச்சுக் கேக்குறேன், இதை இப்படியே விட்டுடுங்க."

சட்டம் என்று வந்தால் மாமன் மச்சான் பார்க்கக் கூடாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஆனால் அதே சட்டத்தில், மாற்றத்தால் சின்னக் குழந்தை பிழைத்திருந்தால், அதை அப்படியே விடச் சொல்லித் தாய் கருணை மனு போடலாம். நானறிய நீதிபதிகள் ஒன்றைக்கூடத் தள்ளியதில்லை. அவள் மனு மறுநாள் காலையே என் மேஜைக்கு வந்தது. நான் மேலே அனுப்பவில்லை. இடதுபக்க இழுப்பறையில் இருக்கிறது, எடுத்துக்கொள்ளுங்கள்.

அந்த மதியத்துக்குப் போய் மூடியைத் திறந்து வைத்தேன். முன்பு நடந்தது மறுபடி நடந்து முடியும்வரை நேர்செய்பவர் அங்கேயே நின்று நேரத்தைக் குறிக்க வேண்டும் என்பது விதி. நின்றேன். குழந்தை பந்தை உருட்டிக்கொண்டு வந்தாள். என்னைப் பார்த்ததும், "அப்பா, உங்க முடி ஏன் வெள்ளையா இருக்கு?" என்றாள்.

"பவுடர், கண்ணு" என்றேன். பேசக் கூடாது என்றும் விதி இருக்கிறது. அதையும் எழுதிக்கொள்ளுங்கள். அவள் சிரித்துவிட்டுப் பந்தின் பின்னால் ஓடினாள். மணி இரண்டு பதினேழு.

இப்போது என் மனைவி என்னோடுதான் இருக்கிறாள். அவளுக்கு எதுவும் நினைவில்லை. அழுகை வந்தால் என் தோளில்தான் சாய்கிறாள். எனக்குத் துக்கம் இல்லை என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். பெற்றவனுக்கு இல்லாத துக்கம் வேறு யாருக்கு? ஒன்றே ஒன்றை நினைத்துத்தான் மனதைத் தேற்றிக்கொள்கிறேன். கடைசிவரை என் மகள் என்னைத் தவிர வேறு யாரையும் அப்பா என்று கூப்பிடவில்லை.