வியாழக்கிழமைச் சுவாமி

— எழுபத்தொரு மணித்தியாலம்.

— வா றொஷினி. முதல்ல உள்ளுக்க வா. கதவைச் சாத்து, குளிர் அடிக்குது.

— ஞாயிறு பதினொன்றரைக்கு உன்ர பிரசங்கம் முடிஞ்சுது. இப்ப புதன் பத்தரை. எழுபத்தொரு மணித்தியாலமா ஒரு ஃபோன் இல்லை. எண்ணிப் பாத்தனான்.

— லாபில எண்ணுறது காணாதெண்டு இதையும் எண்ணுறியோ?

— பகிடி விடாதை. லீவு போட்டிட்டு வந்திருக்கிறன். டொலார்டில வீட்டில இருந்து ஒரு மணித்தியாலம் ஸ்னோவுக்குள்ள ஓடி, இந்த வில்லரேயில உன்ர கோயிலடியில கார் விட இடம் தேடி நாலு தரம் சுத்தினனான். அந்தக் கோவம் வேற கிடக்கு.

— சரி, இரு. இமெல்டாக்கா! ஒரு தேத்தண்ணி போடுங்கோ.

— அவவின்ர கையால எனக்கு ஒண்டும் வேண்டாம்.

— மெல்லக் கதை. குசினிக்குக் கேக்கும்.

— கேக்கட்டும். நீ கோயில் நிறைஞ்ச சனத்துக்கு மைக்கில சொன்னனி. இரண்டாவது வாங்கில இருந்த அம்மாக்கும்தான் கேட்டது.

— நான் என்ன பிழையாச் சொன்னனான்?

— சொல்லட்டோ? சொல்லுக்குச் சொல் ஞாபகம் இருக்கு. "எனக்கெண்டு தனியா ஒரு தாய் இல்லை. இங்க இருக்கிற ஒவ்வொரு தாயும் எனக்குத் தாய்தான். நாலு வருசமா எனக்குச் சோறு தாற இமெல்டாக்கா எனக்குத் தாய்." பெத்தவ பத்தடியில இருக்கேக்க சொல்லுறாய். ஏழு மாசத்தில பிறந்த உன்னைப் பஞ்சுக்குள்ள வைச்சு வளத்தவ இருக்கேக்க.

— அது முதல் கிறிஸ்தவர்களைப் பற்றின பிரசங்கம். அதுக்கு முன்னுக்குச் சொன்னதையும் கேட்டிருப்பாய்தானே.

— அதுக்குப் பிறகு எனக்கு முன்னுக்கும் கேக்கேல்லை, பின்னுக்கும் கேக்கேல்லை.

— அப்ப இப்ப கேள். அந்தக் காலத்தில ஞானஸ்நானம் எடுத்த கனபேரை வீட்டுக்காரர் வைச்சிருக்கேல்லை. தகப்பன் முகம் பாக்கான். செத்தாத் தூக்க ஆளில்லை. அப்பிடி வந்தவையை முன்பின் தெரியாத சனம்தான் வீட்டுக்குள்ள எடுத்தது. அடிமையும் முதலாளியும் ஒரே மேசையில இருந்து அண்ணை, தம்பி எண்டு கூப்பிட்டினம். பிள்ளையில்லாத கைம்பெண் ஒருத்தி பத்துப் பேருக்குத் தாயானா. இரத்தம் இல்லாமலே சொந்தம் வந்தது. அதைத்தான் சொன்னனான்.

— அவையளை வீட்டுக்காரர் துரத்தினவை. உன்னை ஆர் துரத்தினது?

— இரு றொஷினி, தேத்தண்ணி வருது.

— கதையை மாத்தாதை. புத்தகத்தில படிச்சதெல்லாம் சொல்லுறாய், இதைச் சொல்லு. உன்னை ஆர் துரத்தினது?

— ஒருத்தரும் துரத்தேல்லை.

— சுவாமி, இந்தாங்கோ தேத்தண்ணி. பிள்ளை றொஷினி, உமக்கும் போட்டிருக்கிறன். மாதாவே, முகமெல்லாம் சிவந்துபோய்க் கிடக்கு.

— எனக்கு வேண்டாம், இமெல்டாக்கா.

— சுவாமியைப் போய் நீ, உன்ர எண்டு கதைக்கிறீர். குசினிக்க நிண்டு கேட்டுக்கொண்டுதான் இருந்தனான். மாதாவே, எங்கட மன்னாரில எண்டா…

— ஏன், மன்னாரில சுவாமிமாருக்குத் தங்கச்சிமார் இல்லையோ?

— இல்லாமலோ. அவையளும் சுவாமி எண்டுதான் சொல்லுவினம்.

— எட்டு வயசு மட்டும் நான் இவரை "டேய் டெனி" எண்டு கூப்பிட்டனான், தெரியுமோ? பன்னிரண்டு வயசில சுவாமியாகப் படிக்கச் செமினரிக்குப் போனார். அண்டைக்கே அம்மா எனக்கு வாயில ஒண்டு போட்டா, இனி வாங்கோ போங்கோ எண்டு கதைக்கச் சொல்லி. குருப்பட்டம் எடுத்த நாளில இருந்து அவவுக்கும் இவர் சுவாமிதான். பெத்த பிள்ளையின்ர கையைக் கொஞ்சிப்போட்டு, "சுவாமி, சாப்பிட்டிட்டீங்களோ" எண்டு கேக்கிறா. அவவுக்கு டெனிஸ்டன் எண்டொரு பிள்ளை இருந்தது. அவனைச் சுவாமி எண்டு கூப்பிட்டுக் கூப்பிட்டே துலைச்சுப்போட்டா.

— அது மரியாதை, பிள்ளை.

— மரியாதை! எனக்கு அந்தச் சொல்லைக் கேட்டாலே பத்துது.

— என்னோட ஏன் பாயுறீர்? என்னைத் தாய் எண்டு சொல்லச் சொல்லி நான் கேட்டனானே? ஞாயிறு வாங்குக்குக் கீழ பூந்திடுவமோ எண்டு இருந்தது. எனக்குப் பிள்ளை இல்லாதது மொன்றியல் முழுக்கத் தெரியும். அதை மைக்கிலயும் சொல்லவேணுமோ, சுவாமி?

— இமெல்டாக்கா, நான் உங்களையும் நோகடிச்சுப்போட்டன்.

— எனக்கென்ன. நான் மூலைக்கடை டெப்பனருக்குப் போட்டு வாறன், பால் முடிஞ்சுது. ரெண்டு பேரும் கத்தி முடிச்சுப்போட்டு அந்தத் தேத்தண்ணியைக் குடியுங்கோ. மாதாவே.

— பாத்தியோ? அவவுக்கே நொந்திருக்கு.

— ஓம்.

— அம்மாக்கு எப்பிடி இருந்திருக்கும்? காரில முகத்தைப் பாத்துப் பாத்துத்தான் ஓடினனான். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை. "சுவாமி நல்ல பிரசங்கம் வைச்சவர்" எண்டா. பேந்து கொஞ்சம் பொறுத்து, "பாவம்" எண்டா. அவ்வளவுதான். நான்தான் காரைக் கரையில நிப்பாட்டிப்போட்டு அழுதனான்.

— பாவம் எண்டு சொன்னவவோ?

— ஓம். எல்லாத்தையும் விழுங்கிறா. அதுதான் எனக்குத் தாங்கேலாமல் கிடக்கு. வீட்டை வந்து வழமை போலச் சாப்பிட்டா. செபமாலை சொல்லி, மகன் சுகமா வந்து சேரவேணும் எண்டு மாதாவோட மண்டாடினா. வில்லரேயில இருக்கிற மகனுக்கு! பேந்து உன்ர படத்தைக் கொஞ்சிப்போட்டுப் படுத்தா.

— கட்டிலடியில இருக்கிறதோ?

— அதுதான். செமினரிக்குப் போற அண்டு எடுத்தது. வெள்ளைச் சேட்டு, பெரிய களிசான், ரெண்டு காதும் வெளியில தள்ளிக்கொண்டு. அந்தப் பெடியனுக்குக் கிடைக்கிற கொஞ்சல் உனக்குக் கிடைக்காது. கிடைக்கிற மாதிரி நீயும் நடக்கேல்லை.

— வியாழனில வியாழன் வாறன்தானே.

— எனக்கு அதைச் சொல்லாதை. நான் வேலையில நிண்டாலும் வாசல் பெல்லில கமெரா இருக்கு. வந்த நேரமும் விழுது, போன நேரமும் விழுது. பன்னிரண்டு நிமிசம். கழுத்தில சுவாமிமாரின்ர வெள்ளைப் பட்டையோட வாறாய், நற்கருணை குடுக்கிறாய், போறாய். ஆற்ரையோ வீட்டு வருத்தக்காரியைப் பாக்கப் போற மாதிரி. கடைசியா எப்ப அவவை அம்மா எண்டு கூப்பிட்டனி?

— போன யூனில. விழுந்து ஆஸ்பத்திரியில கிடந்து வீட்டை வந்தாவெல்லோ, அடுத்த வியாழன்.

— எட்டு மாசம். கிழமையும் மறக்கேல்லை! என்ன மனுசன் நீ?

— றொஷினி…

— எழும்பு. கோட்டைப் போடு.

— எங்க?

— என்ர காரில ஏறு. கழுத்தில இருக்கிறதைக் கழட்டி இந்த மேசையில வை. அம்மாக்குப் பக்கத்தில இருந்து ஒரு பிடி சோறு தின்னு. அம்மா எண்டு ஒருக்காக் கூப்பிடு. இண்டைக்கு, இப்ப. இல்லாட்டி எனக்கு அண்ணை எண்டு ஒருத்தரும் இல்லை. அம்மாவை இந்தக் கோயில் வாசலுக்கும் கூட்டிக்கொண்டு வரமாட்டன். வீட்டுக்குக் கிட்டப் பிரெஞ்சுக் கோயில் இருக்கு. பிரசங்கம் விளங்காது, நோகவும் மாட்டாது.

— இதைக் கழட்டினா அவ கதவைத் திறக்கமாட்டா.

— ஓம், சுவாமியெண்டாத்தான் திறப்பா! ஆர் அவவை அப்பிடிப் பழக்கினது?

— கமெராவில எல்லாம் விழும் எண்டாய். செப்டெம்பர் பதினெட்டு பாத்தனியோ?

— அதில என்ன?

— அண்டைக்கு இதைக் கழட்டிப்போட்டு, சாதாரண சேட்டோட வந்தனான். நாலு நிமிசம் வாசல்ல நிண்டனான். "ஆர் தம்பி, மகள் வேலைக்குப் போட்டா, பின்னேரம் வாங்கோ" எண்டு உள்ளுக்க நிண்டு சொன்னவ.

— கண்ணாடி போடாமல் இருந்திருப்பா.

— போட்டிருந்தவ.

— டொக்டர் எல்லாம் நல்லா இருக்கெண்டவர். என்ர பேரைச் சொல்லுறா. பிள்ளையளின்ர பேரைச் சொல்லுறா. உனக்கு உன்ர பிழையை மறைக்க…

— உங்கள் எல்லாரையும் தெரியுது. நீங்கள் ஒவ்வொரு நாளும் கண்ணுக்கு முன்னால நிக்கிறீங்கள். முதல்ல எனக்கும் விளங்கேல்லை, றொஷினி. எப்பவும் சுவாமி எண்டுதானே கூப்பிடுறவ. யூனில நான் அம்மா எண்டு கையைப் பிடிச்சனான். கையை இழுத்துக்கொண்டா. பயந்துபோனா. நான்தான் உங்கட மகன் எண்டன். சுவாமிமார் பொய் சொல்லக்கூடாது எண்டு சிலுவை போட்டா.

— ஏன் எனக்குச் சொல்லேல்லை? எட்டு மாசம், ஏன் எனக்குச் சொல்லேல்லை!

— சொன்னா நீ டொக்டரிட்டக் கொண்டு ஓடுவாய், அவர் ஒரு பேர் வைப்பார். பேர் வைச்சா அது உண்மையாப் போயிடும் எண்டு பயந்தனான். கோழைத்தனம்தான். ஞாயிறு பிரசங்கம் எழுதி வைச்சது வேற. அவவைக் கண்டவுடன வாயில வந்தது அது.

— அப்ப காரில பாவம் எண்டது…

— என்னை. தாய் இல்லாத சுவாமியை.

— இல்லை. இல்லை, அண்ணை. உன்ர படத்தை ஒவ்வொரு நாளும் கொஞ்சுறா. நான் என்ர கண்ணால பாக்கிறன்.

— அந்தப் படத்தைத்தான் வியாழனில வியாழன் எடுத்து என்ர கையில தாறா. "சுவாமி, இவன் என்ர மகன் டெனிஸ்டன். செமினரிக்கு விட்டனான், கன நாளா வரேல்லை. எங்கயும் கண்டா, அம்மா பாத்துக்கொண்டு இருக்கிறா எண்டு சொல்லிவிடுங்கோ."