மணிக்கட்டில் எழுதிய விடை

உங்கள் அறை மின்விசிறி ஒவ்வொரு சுற்றிலும் ஒரு தடவை 'டக்' என்கிறது, ஒரு திருகாணியை இறுக்கினால் நின்றுவிடும், இதை ஏன் ஒருவரும் செய்யவில்லை. வந்து உட்கார்ந்ததிலிருந்து இதைத்தான் மனதுக்குள் நினைத்துக்கொண்டிருந்தேன், டொக்டர். நீங்கள் கேட்டது காதில் விழாமல் இல்லை.

நல்ல கேள்வி. ஒரே கணக்கை வேறு வேறு நாட்களில் நிவேதனாவுக்குக் கொடுத்திருக்கிறீர்கள். வெறும் தாளிலும் பென்சிலிலும் ஒவ்வொரு முறையும் ஒரே விடையை எழுதியிருக்கிறாள். அப்படியென்றால் வீட்டில், கணினிக்கு முன்னால் மட்டும் அவளுக்கு விடை ஏன் மாறிக்கொண்டிருந்தது என்று கேட்கிறீர்கள். எங்கள் வீட்டில் இதை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அன்றைக்கே சொல்லியிருப்பேன். அண்ணன் ஞாயிறுகளில் இந்த ஆஸ்பத்திரிக்கு அவளைப் பார்க்க வருவார், நான் புதன்களில். இன்றைக்குப் புதன் என்பதால் நான் உங்களிடம் அகப்பட்டேன். அண்ணன் அகப்பட்டிருந்தால் உங்களுக்குப் பதில் கிடைத்திராது.

அவள் எனக்கு மச்சாள் ஆவதற்கு முன்பே சிநேகிதி. பல்கலைக்கழகத்தில் ஒரே வகுப்பு, ஒரே ஆய்வுகூடம். உரும்பிராயில் அவளுடைய அப்பா வெங்காயப் பயிர் செய்தவர். அவளை எங்கள் வீட்டுக்கு முதலில் கூட்டிவந்ததும், அண்ணனுக்கு அவளைப் பேசச் சொல்லி அம்மாவிடம் நின்றதும் நான்தான். கலியாணத்துக்குப் பிறகு கொக்குவிலில் எங்கள் வீட்டு முன்னறையில் இரண்டு மேசைகளைப் போட்டுக்கொண்டு இரண்டு பேரும் வேலை செய்தோம்.

எங்கள் வேலை விளங்குவதற்குக் கடினமானதில்லை. ஒரு சூரியக்கலத்தைச் செய்து பார்ப்பதற்கு முன், அதன் மாதிரியைக் கணினிக்குள் கட்டிப் பார்ப்பது. எந்தக் குறைகடத்தி, எத்தனை தடிப்பு, அதற்குள் இலத்திரன் எவ்வளவு சுலபமாக ஓடும், அந்தப் பளிங்கின் அணு ஒழுங்கில் எத்தனை குறைகள் இருக்கின்றன என்று கொடுத்தால், விழுகிற வெயிலில் நூற்றுக்கு எத்தனை வீதம் மின்சாரமாகும் என்று கணினி சொல்லும். ஈயம் கலக்காத ஒரு பொருளை நாங்கள் எடுத்திருந்தோம். ஈயத்துக்குப் பதில் வெள்ளீயம். நிவேதனா அதைத் தகரம் என்றுதான் சொல்வாள். "கூரைக்கும் தகரம், வேலிக்கும் தகரம், இனி லைற்றுக்கும் தகரம். யாழ்ப்பாணத்தானுக்கு வேறை என்ன வேணும்" என்று சொல்லிவிட்டுத் தானே சிரிப்பாள். அவள் சிரித்தால் அடுத்த அறையில் அம்மாவும் என்னவென்று தெரியாமல் சிரிப்பா.

ஒவ்வொரு பொருளின் குணங்களையும் ஒரு கோப்பில் வைத்திருப்போம். பொருட் கோப்பு என்போம். இரண்டு கணினிகளும் அந்த ஒரே கோப்பைத்தான் வாசிக்கும். அதைத் தொகுத்தவள் நான். மாதக்கணக்காகக் கட்டுரைகளைப் படித்து, ஒவ்வொரு பெறுமானமாகச் சேர்த்தேன். நிவேதனா தன் மாதிரியின் ஒவ்வொரு வரியையும் பத்துத் தடவை பார்ப்பாள், அந்தக் கோப்பை மட்டும் திறக்கமாட்டாள். பரீட்சை மண்டபத்தில் தருகிற மடக்கை அட்டவணையை யாரும் சரிபார்ப்பதில்லைத்தானே. துஷா போட்டது சரியாகத்தான் இருக்கும் என்பாள்.

முதல் தடவை நடந்தது தற்செயல். இதை நீங்கள் நம்பவேண்டும். குறைகளின் அடர்த்தியில் பத்தின் பதினைந்தாம் அடுக்கு என்றிருந்ததை, என்ன ஆகிறது பார்ப்போம் என்று பதினாறாக்கி, அதாவது பத்து மடங்காக்கிப் பார்த்துவிட்டுத் திருப்பி மாற்ற மறந்துபோனேன். காலையில் அவள் என் மேசைக்கு வந்தாள்.

"துஷா, ஒருக்கா வந்து பாரன். நேற்றுப் பதினேழு தசம் நாலு வந்தது. இண்டைக்குப் பதினொண்டு எண்டுது. நான் எங்கயோ பிழை விட்டிட்டன் போல."

சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவளுடைய முகத்தைப் பார்த்துவிட்டேன். நோர்வேயில் ஒரு பேராசிரியர் அவளுடைய வேலையைக் கேள்விப்பட்டு, கலாநிதிப் படிப்புக்கு வரலாம் என்று எழுதியிருந்த நாட்கள் அவை. அந்தக் கடிதம் வந்த பிறகு அவள் என்னிடம் எதையும் கேட்பதில்லை. கேட்பதற்கு ஒன்றும் இருக்கவில்லை. அவள் போனால் அண்ணனும் குழந்தையும் கூடப் போவார்கள். நானும் அம்மாவும் இரண்டு மேசைகளும் மிஞ்சுவோம். அன்று காலை பல நாட்களுக்குப் பிறகு அவள் என் கதிரையின் முதுகைப் பிடித்துக்கொண்டு, பள்ளிப் பிள்ளை மாதிரி, என் வாயைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

தேத்தண்ணி குடித்துவிட்டு வா, பார்ப்போம் என்றேன். அவள் உள்ளே போனதும் பதினாறைப் பதினைந்தாக்கினேன். திரும்பி வந்தவளை மறுபடி ஓட்டச் சொன்னேன். பதினேழு தசம் நாலு. அவள் திரையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள். அந்தப் பார்வையில் பயமும் நன்றியும் ஒன்றாக இருந்தன. அப்படி ஒரு பார்வையை யாரும் எனக்கு அதற்கு முன் தந்ததில்லை.

பிறகு மறதியால் செய்யவில்லை.

அடிக்கடி செய்தால் கண்டுபிடித்துவிடுவாள். ஆகவே கிழமைக்கு ஒன்றோ இரண்டோ. ஒருநாள் அடர்த்தி, ஒருநாள் தடிப்பு. அவள் பார்த்த பிறகு திருப்பி வைத்துவிடுவேன். கோப்பின் திகதியைப் பின்னுக்குப் போடுவதும் பழைய விடைகளை அழிப்பதும் எனக்குச் சின்ன வேலை. எங்கள் தொழிலில் ஒரு நம்பிக்கை உண்டு, டொக்டர். அதே மாதிரியை ஓட்டினால் அதே விடை வரும். கணினிக்கு மனநிலை கிடையாது. விடை மாறினால், மாறியது அதற்கு முன்னால் இருக்கிற ஆள். இதை நான் அவளுக்குச் சொல்லவில்லை. அவளுக்கே தெரியும்.

ஒரே ஒரு தடவை கேட்டாள். "பொருட் கோப்பிலை நீ கை வைச்சனியோ?" நான் ஏன் வைக்கப்போறன் என்றேன். அதைக் கேட்டதற்காக அன்று பின்னேரம் முழுக்க என்னிடம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அதற்குப் பிறகுதான் மணிக்கட்டில் எழுதத் தொடங்கினாள். படுக்கப் போகும் முன் அன்றைய விடையைப் பேனாவால் கையின் உட்புறத்தில் எழுதுவாள். காலையில் ஓட்டிப் பார்த்து, கையைப் பார்த்து, திரும்பவும் ஓட்டுவாள். புத்திசாலித்தனமான வழிதான். நான் கை வைக்காத நாட்களில் கையும் கணினியும் ஒத்துப்போகும், மற்ற நாட்களில் போகாது. எந்த நாள் எது என்று அவளால் கணிக்க முடியவில்லை. பிறகு கணினியை விட்டுக் கையைச் சந்தேகித்தாள். நான் வேறு எண்ணை எழுதியிருப்பேனோ என்றாள். முழங்கை வரை எழுதி, அழித்து, மேலே எழுதினாள்.

வீடு அப்போதுதான் பார்த்தது. "படிச்ச பிள்ளை செய்யிற வேலையே உது?" என்று அம்மா என்னிடம் குசுகுசுத்தா. அச்சுவேலியில் படிப்பித்துவிட்டுக் களைத்து வரும் அண்ணன் அவளுடைய கையைத் துணியால் துடைத்துவிடுவார். "நீர் கொஞ்ச நாளைக்கு உந்த வேலையை விடுமப்பா. துஷா பாப்பாள்" என்பார். அவர் துடைக்கும்போது அவள் அழுவாள், எண் போகிறதே என்று.

ஒருநாள் எனக்குப் பட்டது, நான் இரண்டு மாதிரிகளை ஓட்டிக்கொண்டிருக்கிறேன். பளிங்கில் கொஞ்சம் குறைகள் இருந்தால் இலத்திரன் தடுக்கி விழும், எழும்பிப் போய்விடும். ஓர் அளவுக்கு மேலே போனால் புறப்படுகிற எதுவும் மறுபக்கம் போய்ச் சேராது. அவளுக்கு அந்த அளவு எது என்று அறிய விரும்பினேன். அதில் வெறுப்பு இருக்கவில்லை. அவளைப் பிடிக்காத யாரும் அவளை அவ்வளவு கவனித்திருக்கமாட்டார்கள்.

நோர்வேப் பேராசிரியர் திரையில் வந்த நாளன்று அவள் பச்சைச் சேலை கட்டியிருந்தாள், நீளக் கை வைத்த சட்டையோடு. நான் பக்கத்தில் இருக்கவேண்டும் என்று கெஞ்சினாள். இருந்தேன். அவர் பார்க்கப் பார்க்க மாதிரியை ஓட்டினாள். நாலு வீதம் வந்தது. அந்த நேரம் கொழும்பு ரயில் போனது, மேசை அதிர்ந்தது, அது என்ன சத்தம் என்று அவர் கேட்டார். அவளால் ரயில் என்றுகூடச் சொல்ல முடியவில்லை. நான் குனிந்து, ஒரு நிமிடம் தாருங்கள் என்று அவரிடம் சொல்லிவிட்டு, என் மேசையில் கோப்பைப் பழையபடி ஆக்கிவிட்டு வந்து, ஓட்டிக் காட்டினேன். பதினேழு தசம் நாலு. பிறகு அவர் அந்த இடத்தை எனக்குத் தரலாம் என்று எழுதினார். நான் மறுத்துவிட்டேன். அவளுடைய இடத்தில் எனக்கு ஆசை இருந்ததே இல்லை. இதையும் நீங்கள் எழுதிக்கொள்ளலாம்.

அன்றோடு அவள் கணினியைத் தொடவில்லை. ஆனால் நின்றுவிடவில்லை. அடுப்பை அணைத்தேனா, கேற்றைப் பூட்டினேனா, கறிக்கு உப்புப் போட்டேனா. ஒவ்வொன்றுக்கும் என்னை அழைத்தாள். அடுப்படியில் நான் எதையும் தொட்டதில்லை, டொக்டர். அந்தக் கோப்பைத் தவிர அவளுடைய வாழ்க்கையில் எதையும் நான் மாற்றவில்லை. தேவைப்படவில்லை.

ஆவணியில் நல்லூர்த் திருவிழா வரைக்கும் தாங்குவாள் என்று கணித்திருந்தேன். சித்திரை வருடப்பிறப்போடு முடிந்துவிட்டது. குழந்தையை நான் கணக்கில் எடுக்கவில்லை. தனுசியாவுக்குப் பால்மா கரைக்கும்போது அவள் கரண்டிகளைச் சத்தமாக எண்ணுவாள், நடுவில் நிறுத்துவாள், எல்லாவற்றையும் ஊற்றிவிட்டு முதலிலிருந்து எண்ணுவாள். பிள்ளை பசியில் கத்திக்கொண்டிருக்கும். ஒருநாள் போத்தலை என் கையில் தந்துவிட்டு, சுவரோடு போய் நின்றாள். "என்னை எங்கையாவது கொண்டுபோய் விடுங்கோ. நான் கரைக்கிறதை நம்பாதேங்கோ. பிள்ளைக்கு ஏதும் செய்துபோடுவன்." ஒரு முடிவை வாசித்துச் சொல்வதுபோல் சொன்னாள்.

உங்களிடம் அவளை யாரும் இழுத்து வரவில்லை. தானாக நடந்து வந்தாள். குழந்தை இப்போது என்னோடு படுக்கிறது. என்னைத்தான் அம்மா என்று கூப்பிடத் தொடங்கியிருக்கிறது. நான் திருத்துவதில்லை.

இவ்வளவுதான். அவளுடைய மூளையில் ஒரு குறையும் இல்லை. எல்லாக் குறைகளையும் வெளியிலிருந்து நான் போட்டேன்.

இதே வார்த்தைகளை வெளியே போய் அவளுக்கு முன்னால் சொல்லச் சொல்கிறீர்கள். ஒரு வசனம் போதும், மருந்தைவிட அது வேலை செய்யும் என்கிறீர்கள். உங்கள் யன்னலால் அவள் உட்கார்ந்திருக்கும் வாங்கு தெரிகிறது. முடியாது, டொக்டர். அவள் இந்த நாட்களில்தான் ஒழுங்காக நித்திரை கொள்கிறாள், சாப்பிடுகிறாள். பழையபடி எல்லாவற்றையும் என்னிடம் கேட்கிறாள். சற்றுமுன் நான் வரும்போதுகூடக் கையைப் பிடித்துக்கொண்டு, "துஷா, இண்டைக்கு என்ன கிழமை?" என்றாள். வியாழன் என்றேன். யோசித்துச் சொல்லவில்லை, வாயில் வந்துவிட்டது. "நல்லகாலம் நீ வந்தனி. நான் புதன் எண்டெல்லோ நினைச்சுக்கொண்டிருந்தன்" என்று சிரித்துவிட்டு, பேனாவை எடுத்து மணிக்கட்டில் எழுதினாள்.

ஏன் எழும்புகிறீர்கள்? மற்றதை விடுவோம், அதையாவது போய்த் திருத்திவிட்டு வாருங்கள் என்கிறீர்கள்.

வேண்டாம், டொக்டர். அவள் எழுதிவிட்டாள். நாளைக்கு அது சரியாகிவிடும்.