விதவையின் நடனத்தை வெட்ட மறுத்த அரியரத்தினம் ஐயாவுக்கு

கத்தரிக்கோலுக்கும் கண்ணியம் கற்பித்த காவலரே! யாழ் மண்ணில் பிறந்து துபாயில் தமிழ் வளர்த்த தகைமையாளரே! விமானங்களில் ஓடும் வெளிநாட்டுப் படங்களுக்குத் தமிழ் வரிகள் எழுதும் எங்கள் பிரிவின் தலைவரே, அரியரத்தினம் ஐயா அவர்களே, வணங்குகிறோம்!

இப்பிரியாவிடைக் கூட்டத்தின் முன்வரிசையில் மேலாளர் புன்னகைக்கிறார். தமிழ் அவருக்கு மாஃபி, ஒரு சொல்லும் தெரியாது. இம்மடலை முன்கூட்டியே ஆங்கிலத்தில் கேட்டார். சர்க்கரை தூவிய வேறொன்றைக் கொடுத்திருக்கிறோம். நாளை அவர் முகம் கறுத்திருந்தால், யாரோ மறுபடியும் மொழிபெயர்த்துவிட்டார் என்று பொருள்.

மறுபடியும் என்றோமே, அது அந்த ஸ்பானியப் படத்தால் வந்த வினை. சர்வாதிகாரி ஆண்ட காலத்தில் எடுத்த படம். கணவனை இழந்தவள் சமையலறையில் தன்னந்தனியே ஆடும் காட்சியை வெட்டி, அவளைத் தேவாலயத்துக்கு அனுப்பிவிட்டது அந்நாட்டுத் தணிக்கை. சர்வாதிகாரி இறந்து ஆட்சி மாறியதும் இயக்குநர் நடனத்தை மீண்டும் சேர்த்தார். இரண்டு வடிவங்களும் நம் கைக்கு வந்தன. வெட்டியதையே அனுப்பச் சொன்னது மேலிடம். முழுமையை அனுப்பினீர்கள், அஞ்சா நெஞ்சரே! கைத்தவறு என்றே மேலாளர் நம்பியிருந்தார்.

தேநீர் அறையில் எங்கள் நால்வரிடம் மட்டும் உண்மையைச் சொன்னீர்கள்: “அந்தாள் செத்து அம்பது வருசமாச்சு. அவன் வெட்டினதை நான் ஏன் திரும்ப வெட்டவேணும்?”

மறுநாள் மேலாளர் அதையே ஆங்கிலத்தில் உங்களிடம் ஒப்பித்தார். மொழிபெயர்ப்பில் ஒரு பிசிறில்லை, ஐயா! உங்களிடம் பயின்ற கை. பணிக்காலம் இன்னும் இரண்டாண்டு மிச்சமிருக்க, ‘ஓய்வு’ என்னும் அழகிய பெயரில் உங்கள் விசா முடிகிறது. எங்கள் நெஞ்சு எரிகிறது.

அஜ்மானிலிருந்து ஒரே காரில் வரும் நாங்கள் அன்றுமுதல் பேசுவதில்லை. தக்ஷாயினி பாண்டித்துரையை முறைக்கிறார். பாண்டித்துரை அகிலாவை முறைக்கிறார். மூவரும் சேர்ந்து, இதை எழுதும் என்னை முறைக்கிறார்கள். சுவருக்கும் காதுண்டு என்பார்கள். எங்கள் சுவருக்கு ஆங்கிலமும் தெரிந்திருக்கிறது. நானில்லை, ஐயா. மற்றவர்களும் அதைத்தான் சொல்கிறார்கள்.

சர்க்கரையும் கொதிப்பும் அண்டாது, சுற்றம் சூழ, விரும்பிய படங்களை முழுமையாய்ப் பார்த்து நூறாண்டு வாழ்க!

கையெழுத்திட யார் தயங்குவார் என்று காத்திருந்தேன். எவரும் தயங்கவில்லை, பேனாவைப் பிடுங்காத குறை. உங்கள் வீட்டுச் சுவரில் தொங்கப்போகும் இந்த நான்கு பெயர்களில் ஒன்றுதான் உங்களை வீட்டுக்கு அனுப்பியது.

அன்பு மாறாத,
தக்ஷாயினி
பாண்டித்துரை
அகிலா
பாலமுரளி