பாதி வேகத்து மெட்டு

இல்லீங்க தம்பி, நிறுத்தச் சொல்லலீங்க. அந்தச் சோக மெட்டைக் கொஞ்சம் வேகமா ஓட்ட முடியுமான்னு தான் கேட்டேன். வண்டியை இல்லீங்க. அமரர் ஊர்தி ஊர்ந்துக்கிட்டுத்தான் போவோணும். மெட்டை மட்டும்.

ஏனுங்க, இது யாரு போட்டதுன்னு நெனச்சீங்க? கோயமுத்தூர்ல ஒரு எழவு விடாம கேக்குதே, நாந்தானுங்க போட்டேன். அழகிரிசாமி. சிரிக்காதீங்க கண்ணு, மூணு படத்துக்குப் பின்னணி இசை போட்டவன் நானு. ரெண்டு படம் பொட்டியை விட்டே வெளிய வரலை. மூணாவது பொள்ளாச்சியில நாலு நாள் ஓடுச்சு. எம்பேரு வந்தப்ப ஜனமெல்லாம் இருட்டுல சீட்டுத் தேடிக்கிட்டு இருந்துச்சு.

அந்தப் படத்துல மாட்டுச் சந்தையில ஒரு காமெடி வருமுங்க. சம்பந்தி ஒருத்தரு காளைக்குப் பல்லுப் புடிச்சுப் பாக்கப் போவாரு. அது அவரு வேட்டியைக் கவ்விக்கிட்டு சந்தை பூரா ஓடும். அதுக்குப் போட்டது தானுங்க இது. ஆமாங்க, சத்தியமா. நாலு வயலினு, ஒரு கிளாரினெட்டு, சும்மா குதிச்சுக்கிட்டு ஓடும்.

அப்புறம் எப்படி இப்படி அழுவுதுன்னா, சவுண்டு சர்வீசு ஆறுச்சாமி பண்ணுன வேலை. எங்கிட்ட இருந்த ஸ்பூல் டேப்பை வாங்கிட்டுப் போயி, மிசின்ல வேகத்தைப் பாதியில வெச்சுக் கேசட்டுல ஏத்திப்போட்டான். மொதல்ல ஒரு மில்லு மொதலாளி எழவுல போட்டான். ஊரே தேம்புது. தப்புன்னு சொல்லலாம்னு பக்கத்துல போனா, ஆறுச்சாமியே மைக்கைப் புடிச்சுக்கிட்டு அழுவறான். எப்படிங்க சொல்றது? கேசட்டு, சீடி, போனுன்னு கை மாறிக் கை மாறி உங்க வண்டி வரைக்கும் வந்துபோட்டுது.

எங்கூட்டுக்காரி ராமாமணிக்கு மட்டும் நெசம் தெரியும். எழவு ஊட்ல இது கேட்டாப் போதும், காளையும் வேட்டியும் கண்ணுல வந்துரும். முந்தானையை வாயில அமுக்கிக்கிட்டுக் குலுங்குவா. அய்யோ, இந்தப் புள்ளைக்கு என்ன பாசம்னு பொம்பளைங்க முதுகை நீவி விடுவாங்க. அவ சித்தப்பன் சாவுக்கு சோடாவே ஒடைச்சுக் குடுத்தாங்கன்னா பாத்துக்கங்க.

ஊட்டுக்கு வந்தா, ஏனுங்க, ஒரே ஒருக்கா நெசமான வேகத்துல நாலு பேரு முன்னால போடச் சொல்லுங்களேன்னு கேப்பா. அட போடி, இத்தனை வருசமா அழுத ஜனம் என்னைய அடிக்க வரும்னு சொல்லுவேன் நானு.

போன்ல தானுங்க ஓடுது? அதுல வேகம் மாத்தலாம்னு பேத்தி அக்ஷிதா சொன்னா. ரெண்டு மடங்குன்னு வைங்க, சரியா இருக்கும். பின்னால பைக்குல வர்ற சொந்தக்காரங்களா? என்ன வேணா நெனச்சுக்கட்டுமுங்க. ஆத்துப்பாலம் மயானத்துக்கு இன்னும் ரெண்டு சிக்னல் தான் இருக்குது.

சத்தமாவே வைங்க தம்பி. மாலையை வேற அந்தக் கண்ணாடிப் பொட்டி மேல குமிச்சுப்போட்டாங்க. ராமாமணிக்கு எடது காது கொஞ்சம் மந்தமுங்க.