ஒட்டி வரைஞ்ச தீவு

...இவன் கை விளங்குமான்னு கேக்குறேன்! நல்லா மிதந்துக்கிட்டிருந்த தீவை வரைபடத் தோல்ல ஒரு கோடு போட்டு நிறுத்தி வச்சுட்டானே, அவனைத்தான் சொல்றேன். உள்ள உக்காந்திருக்கான் பாரு, இல்வேர் தோம். பெரிய வரைபடக்காரன்! நீ இப்படித் தள்ளி உக்காரு அக்கா, வெயில் படுது. வரிசை இப்போதைக்கு நகராது. எனக்கு அடுத்து நீதானே? நான் புர்லாத் தீவு, மெர்சுனா. பேரைச் சொல்லிக் கேக்கவே வேண்டாம், என் குரலைக் கேட்டாலே சொல்லிடுவாங்க.

சின்னப்புள்ளைல மணல்ல தீவு வரைஞ்சா உனக்கும் கையில பட்டுனு ஒண்ணு விழுந்திருக்கும்ல? தீவுக்குக் கூச்சம், தன்னை எழுதுறாங்கன்னு தெரிஞ்சா அப்படியே நின்னுடும், வரையாதேன்னு. உலகமே அடங்கி இருந்துச்சு. இவன் ஒருத்தன் மட்டும் அடங்கல! காரணம் என்னன்னா, மீன் பிடிச்சுட்டுத் திரும்புறதுக்குள்ள இவங்க அம்மா இருக்குற தீவு எங்கேயாவது மிதந்து போயிடுதாம். மாசக்கணக்கா தேடுறானாம். அதுக்காக வரைஞ்சு நிறுத்துனானாம். அவ்வளவு பாசமிருந்தா அம்மாவைப் படகுல ஏத்திக்கிட்டுப் போக வேண்டியதுதானே?

யாவாரிங்க இவனைத் தலைல தூக்கி வச்சு ஆடுறாங்க. ஆடாம? போன தடவை இருந்த இடத்துலேயே தீவு இருந்தா அவனுங்களுக்கு என்ன கஷ்டம்! மத்தவங்க இவனை மூணு தடவை கடல்ல தூக்கிப் போட்டாங்க. மூணு தடவையும் நீந்தி வந்து, ஈரக் கையோட அடுத்த தீவை வரைஞ்சிருக்கான். என்ன ஜென்மமோ! இந்த வாசல்ல மீன் குடலைக் கொட்டுனது யாருன்னு மட்டும் கேக்காதே. நான் தனியா கொட்டல.

என் கதையைக் கேளு. எங்க புர்லாவும் கெத்தீன் தீவும் ஏழு வருசத்துக்கு ஒருதரம் வந்து மோதும். மூணு நாள் ஒட்டியிருக்கும். பொண்ணு குடுப்பாங்க, உப்பு வாங்குவாங்க, இருக்குற சண்டையெல்லாம் போட்டுத் தீப்பாங்க. அப்புறம் பிரியும். பிரியறப்ப யாரு கத்துனது தண்ணி தாண்டிக் கடைசியா காதுல விழுதோ, அவங்க ஜெயிச்சாங்க. அதோட முடிஞ்சுது. அடுத்த மோதல்ல புதுசாத்தான் ஆரம்பிக்கணும். எவ்வளவு நல்ல ஏற்பாடு, நீயே சொல்லு!

அந்தக் கெத்தீன்ல வாக்கப்பட்டவ என் நாத்தனா ஒல்மா. என் வீட்டுக்காரரோட தங்கச்சி. அவர் போய்ச் சேர்ந்து நாலு வருசமாச்சு, நல்ல மனுசன், வாயே கிடையாது. ரெண்டு பேர் வாயையும் இவளே வாங்கிட்டு வந்துட்டா போல. போன மோதல் விருந்துல, நூறு பேர் நடுவுல, என் நண்டு ரசத்தை ஒரு வாய் குடிச்சுட்டு என்ன கேட்டாங்கிறே? "ஏன் அண்ணி, சட்டியில மழை பெஞ்சுடுச்சா?" எப்படி இருக்கும் எனக்கு!

மூணு நாள் விடாம சண்டை. நாலாம் நாள் காலைல தீவு பிரிய ஆரம்பிக்குது, அப்ப பார்த்து இவன் வர்றான், தோலும் மைக்கூடுமா. பிரியற தீவைப் பிரிச்சுல்ல வரையணும்? ஒட்டுனாப்ல வரைஞ்சுட்டான்! ரெண்டு வருசமா அப்படியே நிக்குது. என் அடுப்படி சன்னல், எதிர்ல அவ அடுப்படி சன்னல், நடுவுல ஒரு முழம் தண்ணி. கண்ணு முழிச்சா, "என்ன அண்ணி, இன்னிக்கும் மழைதானா?" நானும் சும்மா விடுறதில்ல, அது வேற விசயம்.

ஒருநாள் காய்ச்சல், எந்திரிக்க முடியல. என் சன்னலை அகப்பையால தட்டுறா. "அண்ணி, செத்துட்டியா? செத்திருந்தா சொல்லிடு!" அப்புறம் அவளே தாண்டி வந்து கஞ்சி ஊத்துனா. ஒரே உப்பு. சொன்னேன். பொழுது சாயற வரைக்கும் சண்டை. அதுலேயே காய்ச்சல் ஓடிப் போச்சு.

கதவுல என்ன எழுதி வச்சிருக்கான் பாரு. "தப்பு என் கோட்டுல இருந்தா அழிச்சுத் தள்ளி வரைவேன். உங்க மேல இருந்தா தொட மாட்டேன்." திமிரு! அதான் வந்திருக்கேன். தப்பு உன்னோடது, எங்க தீவைத் தெக்கே ஏழு நீரோட்டத் தூரம் தள்ளி வைய்யான்னு மூஞ்சிக்கு நேரா கேக்கப் போறேன்.

ஆமா, நீ எதுக்கு வந்தே? அப்போ புடிச்சு நானே பேசிக்கிட்டிருக்கேன், நீ வாயே தொறக்கல. கையில என்ன ஓலை? காட்டு. அட, தின்னுட மாட்டேன், காட்டு... இது கெத்தீன் முத்திரைல்ல? நீ கெத்தீனா? யாரு குடுத்துவிட்டா... ஒல்மாவா! அடிப்பாவி, இவ்வளவு நேரம் கல்லு மாதிரி உக்காந்து கேட்டுக்கிட்டிருந்தியே!

என்ன எழுதியிருக்கா? "வரைஞ்சவர் தப்பா ஒட்டி வரைஞ்சுட்டார்... புர்லாவை வடக்கே பதினாலு நீரோட்டம் தள்ளி..." பதினாலா? நான் ஏழுதானே கேக்க வந்தேன்!

என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலியே. நேத்துக் காலைலகூட நல்லாத்தானே திட்டுனா... அக்கா, பதினாலு தள்ளிப் போனா குரல் கேக்குமா? கேக்காதுல்ல? ஏழு தள்ளுனாலும் கேக்காதுதான்... நான் அதை யோசிக்கவே இல்ல பாரு. எங்க வீட்டுல வேற யாரு இருக்கா? காலைல எந்திரிச்சு நான் யார்கிட்ட கோவிச்சுக்குவேன்?

ஏய், எங்க எந்திரிக்கிறே? கதவு தொறந்துடுச்சா? நான்தான் அடுத்தது! ஓலையை நீட்டாதே! விடு, வழியை விடு... ஐயா! தோம் ஐயா! அந்த மைக்கூட்டை மூடுங்க! யார் ஓலை குடுத்தாலும் வாங்காதீங்க! உங்க கோட்டுல தப்பே இல்ல. கண்ணுல பட்டதைத்தான் வரைஞ்சீங்க. பிரிஞ்சு போன கெத்தீன் தீவை விலாங்குத் தோல்ல முறுக்குன கயிறு போட்டு இழுத்து, எங்க வீட்டு மரத்துல கட்டுனது நான்! ஆமா, நான்தான்! அவ கத்துனதுதான் கடைசியா கேட்டுச்சு, எனக்கு அந்த நேரம் பார்த்துப் பதில் வரல. பதில் தோணுற வரைக்கும் நிக்கட்டும்னு கட்டுனேன். அதுக்குள்ள நீங்க வந்துட்டீங்க. ரெண்டு வருசமா ஊரெல்லாம் உங்களைத் திட்டுனதும் நான்தான்... சிரிங்க, எல்லாரும் நல்லா சிரிங்க! தப்பு என் மேலதான், அதனால தொடக்கூடாது, நீங்க எழுதி வச்சதுதானே?

என்னங்கய்யா? பதில் தோணுச்சாவா?

இல்லைங்க. இன்னும் தோணல. தோணுற வரைக்கும் இருந்துட்டுப் போகட்டுங்கய்யா.