ஹஸன் மகள் ஆம்னா

விதி தெளிவானது. ஒரு தாய் தன் பிள்ளையுடன் நாட்டை விட்டு வெளியேற, பிள்ளையின் தகப்பன் கடிதம் தர வேண்டியதில்லை. சூடானில் 2020-இல் சட்டத்தைத் திருத்தினார்கள். ஆம்னா அதை அச்செடுத்துக் கைப்பையில் மடித்து வைத்திருந்தாள். அந்தப் பையின் மேல் இப்போது கூரையின் சுண்ணாம்பு கொட்டுகிறது.

15 ஏப்ரல் 2023. சனிக்கிழமை. காலை ஒன்பதே கால். கார்ட்டூம். ஒரு மகளிர் கல்லூரியின் மாடிப்படிக்குக் கீழே மூன்று பேர். நான், கமலா, கல்லூரியின் நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வு பெற்றுப் பதினைந்து நாள். சாவிக்கொத்தை ஒப்படைக்க வந்தவள். வாங்கிக்கொள்ள வந்தவள் ஆம்னா, தேர்வுப் பிரிவின் தலைவி. அவளுடன் அவள் மகள் ஸல்மா. பதினொரு வயது. விடுமுறை நாள் என்பதால் மாணவிகள் யாரும் இல்லை. அந்த ஒரு விஷயத்தில் போர் நாகரிகமாக நடந்துகொண்டது.

முதலில் தூரத்தில் ஒரு சத்தம். கடையின் இரும்பு ஷட்டரை ஓங்கி இழுத்து விடுவது போல. பிறகு விமானம். பிறகு கண்ணாடி.

"ஜன்னல்! ஜன்னலை விட்டு வா!"

ஆம்னா கத்துகிறாள். என்னைப் பார்த்துத்தான். நான் மேசை மேலிருந்த வருகைப் பதிவேட்டை எடுக்கப் போயிருந்தேன். நாற்பது ஆண்டு அலுவலகப் பழக்கம். அவள் என் முழங்கையைப் பிடித்து இழுத்தாள். நான் நின்ற இடத்தில் ஜன்னல் சட்டம் விழுந்தது.

பதினொரு நாள் அந்தப் படிக்கட்டு. மின்சாரம் முதல் நாளே போயிற்று. நோன்பு மாதம். ஆம்னா கடிகாரம் பார்த்து நோன்பு திறந்தாள், மசூதியிலிருந்து அழைப்பு வரவில்லை. ஸல்மாவுக்கு நோன்பு கிடையாது. ஆறு வயதிலிருந்து சர்க்கரை நோய். தினமும் இன்சுலின். மருந்துக் குப்பிகளை ஈரத் துணியில் சுற்றி, தண்ணீர்ப் பானைக்கு அடியில் வைத்தோம். பானை வியர்க்கும் வரை மருந்து பிழைக்கும். அந்தப் பதினொரு நாளும் நான் பானையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆம்னா பேசிக்கொண்டே இருப்பாள். பேசினால் சத்தம் கேட்காது என்பது அவள் கணக்கு. எங்களுக்குள் ஆங்கிலம்தான், பதினெட்டு ஆண்டாக. அதை என் தமிழில் எழுதுகிறேன்.

"உன் முழுப் பேரைச் சொல்லு கமலா. குண்டு விழுந்தா நான்தானே எழுதணும்."

"கமலா ரகுநாதன்."

"ரகுநாதன் உன் புருஷன். அவர் போயே ஏழு வருஷம் ஆச்சு. உன் அப்பா எங்கே?"

"கல்யாணத்தப்போ எடுத்துட்டாங்க."

"புருஷன் வந்ததும் அப்பாவைத் தூக்கிக் குப்பையில போட்டுட்டியா! நல்ல பொண்ணு."

ஸல்மா சிரித்தாள். அவர்கள் பக்கம் அப்படி இல்லை. ஆம்னா ஹஸன் தய்யிப் நூர். தன் பெயர், தகப்பன், பாட்டன், பூட்டன். திருமணம் வரும், போகும், பெயர் அசையாது. அவள் கணவன் உஸ்மான் வளைகுடாவுக்குப் போனவன், நான்கு ஆண்டாகத் தொலைபேசியைக்கூட எடுப்பதில்லை. அவன் பெயர் அவளிடம் எந்தக் காகிதத்திலும் இல்லை. மகளின் பெயரில் மட்டும் இருந்தது. ஸல்மா உஸ்மான். தேர்வுப் பதிவேட்டில் ஆயிரக்கணக்கான பெண்களை அவள் இப்படித்தான் எழுதினாள். கீழே கையெழுத்துப் போட்டவள் நான். தெரியாதவள் அல்ல. இதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

26 ஏப்ரல். புதன்கிழமை. இந்தியர்களுக்குப் பேருந்து. வந்தவர் கையில் பட்டியல். என் பெயர் இருக்கிறது. அவர்கள் பெயர் இல்லை, இருக்கவும் முடியாது. வாசலில் ஒருவர் கத்துகிறார்: "சீக்கிரம்! சண்டை நிறுத்தம் ஒரு மணி நேரம்தான்!" ஆம்னா என் பையைத் தூக்கி உள்ளே எறிந்தாள்.

"ஏறு. நீ அங்கே போனாத்தான் எங்களுக்கு ஃபாரம் நிரப்ப ஆள் கிடைக்கும்."

ஏறினேன். திரும்பிப் பார்த்தேன் என்று எழுதினால் நன்றாக இருக்கும். பார்க்கவில்லை. இருக்கை எண் தேடிக்கொண்டிருந்தேன்.

மே. அமெரிக்காவில் ஃப்ரீமான்ட். என் மகன் செந்திலின் வீடு. இங்கே குப்பை வண்டி தொட்டியைக் கவிழ்க்கும் ஒலி அந்த ஷட்டர் ஒலியேதான். முதல் வாரம் சாப்பாட்டு மேசைக்குக் கீழே போய்விட்டேன். மவுரி அவென்யூ மளிகைக் கடையில் பார்க்கிற அங்கிளும் ஆன்ட்டியும் கேட்டார்கள், "ஆப்பிரிக்கால ரொம்ப வெயிலா?"

ஃபாரம் கிடைத்தது. மனிதாபிமான அடிப்படையில் தற்காலிக அனுமதி. செந்தில் பொறுப்பேற்பான். நிரப்புவது நான். குடும்பப் பெயர் என்ற கட்டம் வந்தது. ஆம்னாவுக்கு அந்தக் கட்டத்தில் 'உஸ்மான்' என்று எழுதினேன். தாய்க்கும் மகளுக்கும் ஒரே பெயர் இல்லையென்றால் அதிகாரி சந்தேகப்படுவார் என்று நினைத்தேன். முன்பு மகன் வீட்டுக்கு வந்தபோதெல்லாம் ஃப்ரீமான்ட்டில் எத்தனை தமிழ் மனைவிகளுக்கு இதே கட்டத்தில் புருஷன் பெயரை இறக்கி வைத்திருக்கிறேன். எல்லாம் சுமுகமாகத்தான் போயிற்று.

மருமகள் நித்யா என் தோளுக்குப் பின்னால் நின்று பார்த்தாள்.

"அத்தை, பாஸ்போர்ட்ல உஸ்மானே இல்லையே. ஹஸன்னுதானே இருக்கு?"

"உஸ்மான் அவ புருஷன். பொண்ணு பேர்ல இருக்கு. அம்மா பேர்லயும் இருந்தாத்தான் மேட்ச் ஆகும்."

"அவங்களைக் கேட்டீங்களா?"

"அங்க நெட் இல்ல. நாப்பது வருஷமா ஃபாரம் பாக்கறேன், நித்யா."

"என் க்ரீன் கார்டுக்கும் இப்படித்தான் சொன்னீங்க. எங்கப்பா பேரு காணாமப் போச்சு. டிகிரி ஒரு பேர்ல, லைசென்ஸ் ஒரு பேர்ல வெச்சுக்கிட்டு நான் இன்னும் எக்ஸ்ப்ளெய்ன் பண்ணிட்டிருக்கேன்."

செந்தில் லேப்டாப்பிலிருந்து தலையை எடுக்கவில்லை. "ரெண்டு பேரும் முடிவு பண்ணுங்க. நான் சைன் பண்றேன். எனக்கு மீட்டிங் இருக்கு."

முடிவு பண்ணியவள் நான். 22 மே. திங்கட்கிழமை. பதிவுத் தபால்.

ஜூன் மாதம் ஆம்னாவும் ஸல்மாவும் வடக்கு எல்லையில் ஒரு சிற்றூரை அடைந்தார்கள். பேருந்தில் நான்கு நாள். எல்லை அதிகாரி மகளைக் காட்டிக் கேட்டார், "இவள் தகப்பனின் கடிதம் எங்கே?" ஆம்னா சட்டத்தின் அச்சை எடுத்து நீட்டினாள். அவர் பொறுமையாகப் படித்தார். "நல்ல சட்டம். இதைப் போட்ட அரசாங்கம் எங்கேயென்று தெரிந்தால் அங்கே போய்க் கேள்." பிறகு கொஞ்சம் இரங்கினார். வேறு நாடு இவர்களை ஏற்பதாக முத்திரையுள்ள கடிதம் வந்தால் விடுவதாகச் சொன்னார். பெண்கள் தெருவில் நின்று போராடி வாங்கிய சட்டம். அந்தக் கூட்டத்தில் ஆம்னாவும் நின்றவள். கண்ணீர்ப்புகை பட்ட ஒரு கண்ணில் இன்னும் நீர் வடியும்.

ஒரு பள்ளி வகுப்பறையில் தங்கினார்கள். இணையம் வரும்போது குரல்செய்தி வரும். ஸல்மா பேசுவாள். என்னை 'காலா' என்பாள், தாயின் சகோதரி என்று பொருள். "காலா, பானை கிடைச்சுது. ஆனா விரிசல்." இன்னொரு நாள், "காலா, அமெரிக்கா பதில் போட்டாச்சா? அம்மா கேட்கல. நான்தான் கேட்கறேன்."

14 நவம்பர். செவ்வாய்க்கிழமை. குடியேற்ற அலுவலகத்திலிருந்து உறை வந்தது. பதில் என்று கிழித்தேன். கேள்வி. விண்ணப்பத்தில் உள்ள ஆம்னா உஸ்மான் என்பவரும் கடவுச்சீட்டில் உள்ள ஆம்னா ஹஸன் என்பவரும் ஒருவரே என்று நிரூபிக்கவும். ஆறு மாதம் யோசித்து இதைக் கேட்டிருந்தார்கள். இதில் அவர்களைத் திட்ட எனக்கு வாய் இல்லை. ஆம்னா உஸ்மான் என்று ஒருத்தி உலகத்தில் இல்லை. அவளைப் பெற்றவள் நான்.

நித்யா கடிதத்தை வாங்கிப் படித்தாள். நாற்காலியை இழுத்துப் பக்கத்தில் உட்கார்ந்தாள். "இந்த வாட்டி நான் டைப் பண்றேன். நீங்க சொல்லுங்க அத்தை. அவங்க அப்பா பேரு, தாத்தா பேரு, எல்லாம்." மறுநாளே அனுப்பினோம். கோப்பு வரிசையின் கடைசிக்குப் போயிற்று. அது விதி. எனக்குத் தெரியும்.

ஆம்னாவிடம் சொன்னேன். குரலில் சொல்லத் தைரியமில்லை, எழுதினேன். மூன்று நாள் கழித்துப் பதில். "நீயே எனக்குப் புருஷன் பேரு வெச்சியா, கமலா? இந்த ஊர் ஆம்பளைங்க யாருக்கும் அது முடியல." சிரிப்புப் பொம்மை ஒன்றும் போட்டிருந்தாள். அதை இன்னும் பார்க்கிறேன்.

8 பிப்ரவரி 2024. வியாழக்கிழமை. காலை பத்து மணி, அவர்கள் நேரம். கடைசிக் குப்பி தீர்ந்து ஆறு நாள் ஆகியிருந்தது. ஸல்மா இறந்தாள். பன்னிரண்டு வயது.

நான்கு நாள் கழித்துப் படம் ஒன்று வந்தது. மணலில் நட்ட பலகை. தகப்பன், பாட்டன், பூட்டன் யாரும் அதில் இல்லை. 'ஸல்மா, ஆம்னாவின் மகள்.' எந்தப் பதிவேட்டிலும் நான் கண்டிராத வரிசை. படத்தின் கீழே ஒரு வரி: "அவன் கடிதம் தரல. நானும் அவன் பேரை எழுதல."

அதற்குப் பின் அவளிடமிருந்து எதுவும் இல்லை. நான் அனுப்புகிறவற்றுக்கு ஒரே ஒரு சாம்பல் குறி, போய்ச் சேரவில்லை என்று பொருள். தெற்கே திரும்பிப் போனதாக ஒருவர் சொன்னார். இறந்துவிட்டதாக எவரும் சொல்லவில்லை. அதை அவள் உயிரோடு இருப்பதாகவே பதிந்திருக்கிறேன்.

கணக்கு இது. கல்லூரி, ஒன்று. எரிந்தது. பதினெட்டு ஆண்டுப் பதிவேடுகள், அவற்றில் நான்கு நான்கு பெயராக எழுதப்பட்ட பெண்கள், பட்டம் பெற்றதற்கு இனி வேறு சாட்சி இல்லாதவர்கள். ஒரு சட்டம். ஒரு பானை. ஒரு தோழி, இருக்குமிடம் தெரியாது. ஒரு குழந்தை. என் பிழையால் ஆறு மாதத் தாமதம், ஏழு நாள் குறைய.

அலுவலகத்தின் பதில் வந்தது. ஆம்னா ஹஸன் தய்யிப் நூர், ஸல்மா உஸ்மான், இருவருக்கும் அனுமதி. பெயர்களில் ஒரு பிழையும் இல்லை. முத்திரை இருந்தது.

11 ஜூன் 2024. செவ்வாய்க்கிழமை.